அத்தான் போட்ட மரக்கூரை

குழாய் சொட்டினால் உடனே குழாய்க்காரரைக் கூப்பிடுகிறவர்கள் உண்டு. சொட்டுகிற குழாய்க்குக் கீழே ஒரு வாளியை வைத்துவிட்டு, வாளி நிரம்பும்வரை நிம்மதியாக இருப்பவர்களும் உண்டு. இந்த இரண்டு சாரார்மீதும் எனக்கு எந்தப் புகாரும் இல்லை. அவர்களால் யாருக்கும் அடிபட்டதாகக் கேள்விப்பட்டதில்லை. நான் சொல்லவந்தது மூன்றாவது இனத்தைப் பற்றி.

இவர் சொட்டுகிற குழாயின் முன்னால் போய் நிற்பார். இடுப்பில் கைவைப்பார். தலையை ஒருபக்கமாகச் சாய்த்து, நாடி பார்க்கிற வைத்தியரைப் போல, அந்தச் சொட்டுச் சத்தத்தைக் கொஞ்சநேரம் கேட்பார். பிறகு, வீட்டிலுள்ளவர்களைப் பாத்திரம் பண்டங்களை ஒதுக்கிவைக்க ஓடவைக்கிற அந்த வாக்கியத்தைச் சாவகாசமாகச் சொல்வார்: “இதுக்கெல்லாம் எதுக்கு ஆளு? நானே பாத்துக்கிறேன்.”

இந்த ‘நானே பாத்துக்கிறேன்’ ஆசாமியின் வீட்டை அடையாளம் காண்பது சுலபம். வாசல் மணியை அழுத்தினால் உள்ளே எங்கோ ஒரு விளக்கு அணையும். குளியலறையில் நீலக் குறி போட்ட குழாயில்தான் வெந்நீர் வரும். விருந்தாளிகளுக்கு இதை முன்கூட்டிச் சொல்வதில்லை, அலறல் கேட்ட பிறகு சொல்வார்கள். படுக்கையறைக் கதவைச் சாத்த வேண்டுமென்றால் கைப்பிடியை மேலே தூக்கி, முழங்காலால் ஓர் இடி இடித்து, மூச்சைப் பிடித்துக்கொண்டு மெல்ல இழுக்க வேண்டும். அந்த வீட்டுக் குழந்தைகள் பேசக் கற்பதற்கு முன்பே இதைக் கற்றுக்கொண்டுவிடுகிறார்கள். அப்புறம் அந்தத் திருகாணி டப்பா. எதைக் கழற்றி மாட்டினாலும் கடைசியில் சில திருகாணிகள் மிஞ்சும். நீங்களும் நானும் என்றால் பதறிப்போவோம். இவர் பதற மாட்டார். “கம்பெனிக்காரன் தேவைக்கு மேல போட்டு வெச்சிருக்கான்,” என்று சொல்லி அவற்றை டப்பாவில் சேர்த்துக்கொள்வார். டப்பா நிரம்ப நிரம்ப அவர் தன்னம்பிக்கையும் வளரும்.

இந்த இனத்தை நான் தூர நின்று ஆராய்ந்தவன் இல்லை. என் அக்காவைக் கட்டிக்கொடுத்ததே இதில் ஒருவருக்குத்தான்.

அத்தான் மிக நல்ல மனிதர். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், பின்னால் சொல்ல இடம் கிடைக்காமல் போகலாம். காப்பீட்டு அலுவலகம் ஒன்றில் வேலை. பிறர் வீட்டு விபத்துகளைப் பற்றிய கோப்புகளைச் சரிபார்க்கும் பிரிவு. மனிதர்கள் ஏணியிலிருந்து எப்படியெல்லாம் விழுகிறார்கள், மின்கம்பியை எந்தெந்த விதமாகத் தொடுகிறார்கள், எந்த அலமாரி யார் காலில் சாய்ந்தது என்பதையெல்லாம் காலை முதல் மாலைவரை படிப்பவர். படித்து, பெருமூச்சு விட்டு, கையெழுத்துப் போட்டுவிட்டு, வீட்டுக்கு வந்து ஏணியில் ஏறுவார். படிப்பினால் மனிதன் திருந்துவான் என்று நம்புகிறவர்கள் அத்தானை ஒருமுறை பார்க்க வேண்டும்.

அக்கா பள்ளிக்கூடத்து ஆசிரியையாக இருந்து வேலையை விட்டவள். அவள் குரல் கடைசி பெஞ்சிலிருப்பவனையும் தூங்கவிடாத குரல். அதட்டலால் இல்லை, அடுத்து என்ன சொல்லப்போகிறாள் என்று கேட்கத் தோன்றும், அவ்வளவுதான். மகள் வேலை கிடைத்து வேறு ஊருக்குப் போன பிறகு வீடு அமைதியாகிவிட்டது. அந்த அமைதி அக்காவுக்கு ஒத்துக்கொள்ளவில்லை. அப்போதுதான் பார்வையில்லாத மாணவர்களுக்குப் பாடப்புத்தகங்களைக் குரலில் பதிவுசெய்து கொடுக்கும் ஓர் அமைப்பிலிருந்து அவளைக் கேட்டார்கள். வீட்டிலேயே ஒரு பாடத்தைப் படித்து மாதிரிக்கு அனுப்ப வேண்டும். குரலும் பதிவும் பிடித்திருந்தால் அந்த வருடத்துப் புத்தகங்கள் முழுக்க அவளுக்கு. அனுப்பக் கடைசித் தேதி மாதக் கடைசி. அக்கா இதை ஒரு வாரம் யாரிடமும் சொல்லாமல் வைத்திருந்தாள். காய் நறுக்கும்போது முணுமுணுவென்று எதையோ வாசித்தபடி இருந்தவளை என்னவோ ஏதோவென்று பயந்து நான் கேட்டபிறகுதான் விஷயம் வெளியே வந்தது. அப்போது அவள் முகத்தில் இருந்த பிரகாசத்தை நான் வெகுநாளாகப் பார்த்திருக்கவில்லை.

ஒரே ஒரு சிக்கல். மகளின் அறை காலியாக இருந்ததே தவிர, அது உயரமான சிமெண்டு அறை. உள்ளே நின்று ஒரு வார்த்தை சொன்னால் அறை அதை இரண்டு தரம் திருப்பிச் சொல்லும். எதிரொலி இருந்தால் பதிவு எடுபடாது. மேலே பஞ்சுப் பாளம் பரப்பி, அதன் கீழே மரப்பலகையால் தொங்குகூரை ஒன்று போட்டால் சத்தம் அடங்கும் என்று அந்த அமைப்பிலேயே யோசனை சொன்னார்கள். அக்கா தச்சர் ஒருவரை அழைத்துவந்து காட்டினாள். அவர் அண்ணாந்து பார்த்தார், டேப்பைப் பிடித்து அளந்தார், ஒரு வாரத்தில் முடித்துத் தருவதாகச் சொன்னார். அத்தோடு விஷயம் சுபமாக முடிந்திருக்க வேண்டும்.

அன்றைக்கென்று பார்த்து அத்தான் அலுவலகத்திலிருந்து சீக்கிரம் வந்துவிட்டார்.

தச்சர் போனபின் அவர் அந்த அறைக்குள் போனார். வெகுநேரம் சத்தமே இல்லை. இந்த இனத்தின் மனைவிமார்களுக்கு அந்த மௌனம் நன்றாகத் தெரியும். அக்கா கையிலிருந்த கரண்டியோடு ஓடிப்போய்ப் பார்த்தபோது, நினைத்தபடியே, அவர் இடுப்பில் கைவைத்து அண்ணாந்து நின்றுகொண்டிருந்தார். ‘நா’ என்று அவர் வாயெடுத்ததுமே அக்கா கதவு நிலையைப் பிடித்துக்கொண்டாளாம்.

சாப்பாட்டு மேஜையில் விவாதம் நடந்தது. விவாதம் என்றால் அக்கா காரணங்களைச் சொன்னாள், அத்தான் மோரை ஊற்றிக்கொண்டார். தச்சருக்குச் சொல்லியாயிற்று என்றாள். வேண்டாம் என்று சொல்லிவிடலாம் என்றார். தேதி நெருங்குகிறது என்றாள். தச்சருக்கு ஒரு வாரம் என்றால் தனக்கு நாலு நாள் என்றார். இதுவரை கூரை போட்டதில்லையே என்று கடைசி அஸ்திரத்தை எடுத்தாள். அதற்குத்தான் அவர் காத்திருந்தார்.

“தரையைத் தலைகீழாப் போட்டா அது கூரை. இதுல என்ன இருக்கு?”

  அக்கா தட்டுகளை எடுத்துக்கொண்டு எழுந்துவிட்டாள்.

அன்றிலிருந்து அத்தான் வீடியோக்கள் பார்க்கத் தொடங்கினார். அந்த வீடியோக்களை நீங்களும் பார்த்திருப்பீர்கள். அதில் ஒருவர், சிரிப்பு மாறாமல், சட்டை கசங்காமல், பின்னால் மெல்லிய இசை ஒலிக்க, ஓர் அறைக்கு முழுசாகக் கூரை போட்டுவிடுகிறார். மொத்தம் எட்டு நிமிடம். அதிலும் முதல் நிமிடம் ஏதோ ஒரு பசைக்கு விளம்பரம். அந்த ஆள் ஒருதரம்கூடக் கீழே இறங்கி எதையும் தேடுவதில்லை. அவர் வீட்டில் மனைவியும் இல்லை, மச்சானும் இல்லை, மின்வெட்டும் இல்லை. அத்தான் அதைப் பார்த்துப் பார்த்து, அந்தச் சிரிப்பைக்கூட ஓரளவு வரவழைத்துக்கொண்டார்.

பிறகு ஹார்டுவேர் கடை. இந்த ஆசாமிகள் கடைக்காரரிடம் எதையும் கேட்பதில்லை, கவனித்திருக்கிறீர்களா? கேட்டால் தெரியாது என்று ஆகிவிடுமே. கல்லாவில் முழங்கையை ஊன்றிக்கொண்டு, காலம்காலமாகக் கட்டடம் கட்டி அலுத்துப்போனவர் மாதிரி ஒரு முகத்தை வைத்துக்கொண்டு, “வழக்கமாப் போடறதையே கொடுங்க,” என்றார் அத்தான். எதற்கு வழக்கமாகப் போடுவது என்று கடைக்காரர் நியாயமாகவே கேட்டார். அத்தான் திரும்பி என்னைப் பார்த்தார், என்னவோ நான்தான் விவரம் தெரியாமல் கேட்டதுபோல. கடைசியில் சிமெண்டுத் தளத்தில் அடிக்கிற ஆங்கர் போல்ட்டு, தொங்கவிடும் கம்பிகள், தகரச் சட்டங்கள், பஞ்சுப் பாளங்கள், தேன்நிறத்தில் அழகான மரப்பலகைகள், எல்லாம் வாங்கினோம். திருகாணி மட்டும் வாங்கவில்லை. வீட்டில்தான் டப்பா இருக்கிறதே.

என் உத்தியோகம் என்ன என்று கேட்கிறீர்களா? ஏணியைப் பிடிப்பது. இந்த இனத்தவர் உதவியாள் வைத்துக்கொள்வதில்லை. ஏணி பிடிக்க ஓர் ஆள் வைத்துக்கொள்வார்கள். இரண்டும் ஒன்றில்லை. உதவியாள் யோசனை சொல்லலாம்.

வேலை மட்டம் பார்ப்பதில் ஆரம்பித்தது. கூரை மட்டமாக வர வேண்டுமானால் முதலில் சுவரைச் சுற்றி மட்டமாக ஒரு கோடு போட வேண்டும். அதற்கு ஒரு ரசமட்டம் வாங்கியிருந்தார். அதிலுள்ள குமிழி நடுவில் நிற்க மறுத்தது. திருப்பிவைத்துப் பார்த்தார், தட்டிப் பார்த்தார், காதோரம் வைத்து ஆட்டிக்கூடப் பார்த்தார். “மட்டமான மட்டம்,” என்று சொல்லிப் பெட்டியில் போட்டுவிட்டு, தரையிலிருந்து நான்கு மூலையிலும் ஒரே உயரம் அளந்து கோடு இழுத்தார். கேட்க நியாயமாகத்தான் இருக்கிறது. ஆனால் கழுவிவிட்டால் தண்ணீர் வெளியேற வேண்டுமென்று அந்த அறையின் தரையைக் கட்டும்போதே பால்கனிப் பக்கம் சரித்துக் கட்டியிருந்தார்கள். தரை எப்படிச் சரிந்ததோ அப்படியே கோடும் சரிந்தது. ஒன்றுக்கொன்று ஒத்துப்போனதால் வித்தியாசம் தெரியவில்லை. ஜன்னலைப் பார்த்தால் மட்டும் வீடே ஒருபக்கமாகச் சாய்ந்துகொண்டிருப்பது போல லேசாகக் கிறுகிறுத்தது.

அடுத்தது துளை போடுவது. டிரில் மெஷினைத் தலைக்கு மேலே தூக்கிப் பிடித்து, கண்ணில் சிமெண்டுத் தூள் கொட்டக் கொட்ட, அத்தான் சிமெண்டுத் தளத்தைக் குடையத் தொடங்கினார். சத்தம் தாங்காமல் மேல்வீட்டு அம்மாள் இறங்கிவந்து, இது எப்போது முடியும் என்று பணிவாக விசாரித்தார். இப்போதுதான் ஆரம்பித்திருக்கிறோம் என்று அத்தான் அதைவிடப் பணிவாகச் சொன்னார். அந்த அம்மாள் அன்று சாயங்காலமே ஒரு பெட்டியைக் கட்டிக்கொண்டு மகன் வீட்டுக்குப் போய்விட்டார்.

ஒரு துளையில் மெஷின் வேறு மாதிரி உறுமியது. பளிச்சென்று ஒரு பொறி. வீடு முழுக்க மின்சாரம் போயிற்று. சிமெண்டுக்குள் ஓடிய விசிறி வயரை அத்தான் குறிபார்த்துத் தாக்கியிருந்தார். நான் ஏணியைக் கட்டிப்பிடித்துக்கொண்டு, “அத்தான், இருக்கீங்களா?” என்று கேட்டேன். மேலேயிருந்து சிமெண்டுத் தூள் மட்டும் கொட்டியது. பிறகு, நிதானமான குரல் வந்தது.

“டிரிப் ஆகுதான்னு பாத்தேன். ஆகுது.”

மின்சாரக்காரர் ஒருவரைக் கூப்பிடலாம் என்று அக்கா சொன்னதும், அதற்கு என்ன பதில் வந்ததும், உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. அன்றோடு அந்த அறையில் விசிறி நின்றுபோனது. மரக்கூரை இயற்கையாகவே குளிர்ச்சி என்று அத்தான் எங்களுக்கு விளக்கினார்.

நாலு நாள் என்பது இரண்டு வாரமாயிற்று. வீடு முழுக்க வெள்ளைத் தூள். தலையணையைத் தட்டினால் தூள், சோற்றில் தூள், அலுவலகத்துக்குப் போட்டுப்போன சட்டையில் தூள். அக்கா சமையலறையில் நின்று பாடத்தை வாசித்துப் பழகுவாள். ஒரு வாக்கியம் முடிவதற்குள் மெஷின் அலறும். நிறுத்துவாள். மெஷினும் நிற்கும். தொடங்குவாள். மெஷினும் தொடங்கும். பார்த்துவைத்துச் செய்தாற்போல் இருந்தது.  நாட்காட்டியில் தேதியைக் கிழிக்கும்போது காகிதம் கொஞ்சம் பலமாகக் கிழிந்தது.

பலகைகளை மாட்டும் வேலை, மேலே பழைய சாமான் போட்டுவைக்கிற பரண் இருந்த சுவரிலிருந்து ஆரம்பமாயிற்று. ஒவ்வொரு பலகையின் விளிம்பிலும் நீளப் பள்ளமாக ஒரு காடி இருக்கும். அடுத்த பலகையின் விளிம்பு அதற்குள் போய்க் கோத்துக்கொள்ளும். முதல் பலகை ஏறியதும் பரணின் தளத்துக்கும் பலகைக்கும் நடுவே நான்கு விரல் சந்துதான் மிஞ்சியது. பரண் வாய் மூடிக்கொள்கிறதே என்றேன். ஏணியைப் பிடி என்றார்.

ஆனால் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். முடிந்தபோது அது அழகாகத்தான் இருந்தது. தேன்நிறப் பலகைகள் வரிவரியாக ஓட, அறை முழுக்கப் புதுமர வாசனை. கைதட்டிப் பார்த்தோம், சத்தம் அப்படியே அடங்கியது. அத்தான் முகம் முழுக்கத் தூளோடு, அந்த வீடியோக்காரரின் சிரிப்பை ஒருவழியாக முழுசாகச் சிரித்தார். பக்கத்து வீடுகளிலிருந்து ஆட்களைக் கூட்டிவந்து அண்ணாந்து பார்க்க வைத்தார். வந்தவர்கள் எல்லோரும் பார்த்துவிட்டு, ஏனோ தெரியவில்லை, கதவோரமாகவே நின்று பேசிவிட்டுப் போனார்கள்.

மறுநாள் மாதக் கடைசி. அக்கா நாற்காலியையும் புத்தகத்தையும் அறைக்குள் கொண்டுவந்து வைத்துவிட்டு, மைக்கைக் கேட்டாள். பதிவுக்கென்று புதிதாக வாங்கியிருந்த மைக். வேலை ஆரம்பித்த அன்றே தூசு படக்கூடாது என்று அத்தான் அதை அக்காவிடமிருந்து வாங்கி, பிளாஸ்டிக் பையில் சுற்றி, பெட்டிக்குள் போட்டு எடுத்துவைத்திருந்தார்.

“அதெல்லாம் பத்திரமா வெச்சிருக்கேன்,” என்றபடி அவர் கையைத் தூக்கிக் காட்டினார். காட்டிய கை பாதியில் நின்றது. விரல் நேராகப் பரணைக் காட்டிக்கொண்டிருந்தது. பரண் இருந்த இடத்தில் தேன்நிறப் பலகை பளபளத்தது.

அடுத்த அரைமணி நேரத்தை விவரிப்பதென்றால் மனசுக்குக் கஷ்டமாக இருக்கிறது. ஆனாலும் விவரிக்கிறேன். ஒட்டடைக் கம்பின் நுனியில் ஒரு கொக்கியைக் கட்டி, அந்த நான்கு விரல் சந்துக்குள் விட்டு, அத்தான் மைக்கைத் தூண்டில் போட்டார். முதலில் ஒற்றைச் செருப்பு வந்தது. பிறகு காற்றுப்போன நீச்சல் வளையம். பிறகு, ஏதோ கனமாகச் சிக்கிவிட்டது என்று ஆசையாக இழுத்தார், அது குடை. இழுத்த இழுப்பில் உள்ளேயே விரிந்துகொண்டு சந்தை அடைத்து நின்றது. மைக் இருந்த பெட்டி நான்கு விரலைவிடப் பெரிது என்பது அதற்குப் பிறகுதான் எங்கள் எல்லோருக்கும் உறைத்தது.

அக்கா நாற்காலியில் உட்கார்ந்து இதையெல்லாம் பார்த்துக்கொண்டிருந்தாள். கோபப்பட்டிருந்தால் அத்தான் சமாளித்திருப்பார். அதில் அவருக்கு நல்ல பழக்கம். அவள் கோபப்படவில்லை. பாடம் நடத்துகிற அதே தெளிவான குரலில் பேசினாள்.

“நான் கேட்டது சத்தம் போடாத ஒரு ரூம்ங்க. அது ஒண்ணுதான் கேட்டேன். கூரை அதுக்கு ஒரு வழி, அவ்வளவுதான்.”

   அத்தான் ஏணியின் கடைசிப் படியில் உட்கார்ந்து, கையிலிருந்த கம்பையே பார்த்துக்கொண்டிருந்தார். தலைமுடியெல்லாம் வெள்ளைத்தூள்; பார்க்க ஒரே நாளில் வயசாகிவிட்டவர் போல் இருந்தார். பிறகு எழுந்தார். மெத்தையை இழுத்துவந்து பரணுக்குக் கீழே போடச் சொல்லிவிட்டு, அக்காவைக் கதவோரம் போய் நிற்கச் சொன்னார். ஏணியில் ஏறினார். தான் முதன்முதலில் மாட்டிய அந்தப் பலகையின் ஓரத்தில் கடப்பாரைக் கம்பியின் நுனியைச் செருகினார். அந்த நேரத்தில் அவர் முகத்தை நீங்கள் பார்த்திருக்க வேண்டும். பெற்ற பிள்ளையை விடுதியில் விட்டுவிட்டு வருகிறவர்கள் அப்படித்தான் இருப்பார்கள்.

ஒரு பலகையைத்தான் நெம்பினார். ஆனால் ஒன்றுக்குள் ஒன்று கோத்த பலகைகள். அவற்றைத் தாங்கியதோ, பழைய விசிறியிலிருந்தும் ரேடியோவிலிருந்தும் மிஞ்சிய குட்டைத் திருகாணிகள். முதல் பலகை வந்தது, அது அடுத்ததை அழைத்தது, அடுத்தது அதற்கடுத்ததை அழைத்தது. அவசரமே இல்லாமல், வரிசையாக, படம் முடிந்து கூட்டம் கலைவது மாதிரி, கூரை முழுவதும் மெத்தைமேலும் தரைமேலுமாக இறங்கியது. பின்னாலேயே பஞ்சுப் பாளம் ஒன்று சுருள்விரிந்து அத்தானின் தலையில் போய் உட்கார்ந்தது. யாருக்கும் ஒரு கீறல்கூட இல்லை. புழுதி அடங்கியதும் அவர் கையில் மைக் பெட்டி இருந்தது. ஏணியிலிருந்து இறங்கி, அதை அக்கா கையில் கொடுத்தார். 

மேலே சட்டகம் மட்டும் நின்றது. கம்பிகளும் தகரச் சட்டங்களும் கட்டம் கட்டமாக, அசையாமல். ஆங்கர் போல்ட்டை மட்டும் அத்தான் கஞ்சத்தனம் இல்லாமல், கண்ட கண்ட இடத்திலெல்லாம் அடித்திருந்தார்.

அக்கா அந்தச் சட்டகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு மைக்கை மேஜைமேல் வைத்துவிட்டு, வீட்டிலிருக்கிற போர்வை, கம்பளி, திரைச்சீலை எல்லாவற்றையும் எடுத்துவரச் சொன்னாள். அவள் கீழே நின்று கைகாட்டினாள். அத்தான் ஏணியில் நின்று அவள் சொன்ன சட்டத்தில், அவள் சொன்ன மடிப்பில், ஒவ்வொன்றாகத் தொங்கவிட்டார். ஒரு யோசனைகூடச் சொல்லவில்லை. கொஞ்சநேரத்தில் அறைக்கு நடுவே கம்பளியாலேயே ஒரு சின்னக் குடில் உருவாகிவிட்டது. உள்ளே ஒரு நாற்காலி, ஒரு விளக்கு, மைக். அக்கா உள்ளே போய்த் துணியை இழுத்து மூடிக்கொண்டாள்.

அத்தான் வாசல்மணியின் வயரைக் கழற்றிவிட்டு, வந்து கதவுக்கு வெளியே தரையில் உட்கார்ந்தார். நானும் உட்கார்ந்தேன். ஆறு எப்படிப் பிறக்கிறது, எப்படி வளைகிறது, எங்கே வேகம் குறைந்து வண்டலைப் போட்டுவிட்டுப் போகிறது என்று உள்ளே அக்கா படிக்கிற பூகோளப் பாடம் கேட்டது. பரீட்சைக்குப் படித்து மறந்துபோன அதே பாடம்தான். அவள் படிக்கப் படிக்க ஆறு கண்ணுக்குத் தெரிந்தது. கண்ணால் ஆற்றைப் பார்க்கவே முடியாத ஒரு பிள்ளைக்கு அது எப்படிக் கேட்கும் என்று நினைத்துக்கொண்டேன். அத்தான் முழங்காலைக் கட்டிக்கொண்டு கேட்டுக்கொண்டிருந்தார். பாடம் முடிந்த பிறகும் எழுந்திருக்கவில்லை.

“இவ இப்படிப் படிப்பான்னு எனக்குத் தெரியவே தெரியாது மாப்ள,” என்றார் மெதுவாக.

பதிவு போயிற்று. ஒரு வாரத்தில் பதிலும் வந்தது. குரல் எல்லோருக்கும் பிடித்திருக்கிறது, வருடத்துப் புத்தகங்கள் முழுவதும் அக்காவுக்குத்தான் என்று தொலைபேசியில் சொன்னார்கள். அறையின் ஒலியமைப்பு அருமை, அந்த மரக்கூரையைப் போட்டவர் யார், அவர் எண் கிடைக்குமா என்றும் கேட்டார்கள். அக்கா ஒரு கணம் அத்தானைப் பார்த்தாள். அவர் இப்போது வெளிவேலை எதுவும் எடுத்துக்கொள்வதில்லை என்று சொல்லிவிட்டாள்.

ஆனால் வருடம் முழுக்கக் கம்பளிக்குள் உட்கார்ந்து படிக்க முடியுமா? முதல் நாளே வேர்த்து விறுவிறுத்து வெளியே வந்தாள். அதைப் பார்த்துவிட்டு அத்தான் சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்பினார். எங்கே போகிறார் என்று சொல்லவில்லை. இந்த இனத்தைச் சேர்ந்த ஒருவர் ஆள் கூப்பிடப் போவதென்பது சாதாரண விஷயமில்லை. மாறுவேடம் போட்டுக்கொண்டு போகாதது ஒன்றுதான் குறை. தச்சரிடமும் உதவி என்ற வார்த்தையைச் சொல்லவில்லையாம். ‘ஒரு சந்தேகம்’ என்றுதான் சொன்னாராம்.

தச்சர் வந்தார். அண்ணாந்து பார்த்தார். சட்டகத்தைப் பார்த்தார், குவிந்துகிடந்த பலகைகளைப் பார்த்தார், துளைகளை எண்ண முயன்று விட்டுவிட்டார்.

“இது யார் பண்ண வேலைங்க?”

அத்தான் தொண்டையைச் செருமிக்கொண்டார். “முன்னாடி ஒருத்தர் வந்து பண்ணாரு. சரியா வரலை.”

“அவரை இனிமே வீட்டுக்குள்ள விடாதீங்க.”

சமையலறையில் ஏதோ பாத்திரம் விழுந்தது. அக்கா சிரித்துச் சிரித்து அடுப்பு மேடையைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அத்தான் ரொம்ப கண்ணியமாக, அப்படியே செய்வதாகத் தச்சருக்கு வாக்குக் கொடுத்தார்.

தச்சர் பலகைகளை மளமளவென்று ஏற்றினார். பரணுக்கு ஒரு கதவும் வைத்தார். கெட்டிக்காரர்தான், சந்தேகமில்லை. அறுந்துபோன விசிறி வயர்தான் பாக்கி. அதற்கு மின்சாரக்காரரைக் கூப்பிடட்டுமா என்று அக்கா கேட்டாள். தச்சர் இடுப்பில் கைவைத்தார். தலையை ஒருபக்கமாகச் சாய்த்தார். நான் கதவுப் பக்கம் நகர்ந்தேன்.

“இதுக்கெல்லாம் எதுக்குங்க ஆளு?” என்றார் தச்சர்.

இந்த முறை அக்கா வீட்டோடு நிற்காமல் மாடிப்படி விளக்கும் சேர்ந்து அணைந்தது. இருட்டில் அத்தானின் முகம் தெரியவில்லை. ஆனால் அவர் தச்சருக்காக ஏணியைப் பிடித்துக்கொண்டு, “டிரிப் ஆகுதான்னு பாத்தீங்களா?” என்று கேட்டதில் அப்படியொரு பரிவு இருந்தது. அன்றுமுதல் இருவரும் சிநேகிதர்கள். கடைசியில் மின்சாரக்காரர் வந்துதான் சரிசெய்தார். அந்தப் புழுக்கத்திலும் அவர் தொப்பியைக் கழற்றவில்லை. முடிவெட்டுக் கடையில் கூட்டமாக இருந்ததாம், தானே வெட்டிக்கொண்டாராம்.

இப்போது அக்கா அந்த அறையில் தினமும் படிக்கிறாள். அத்தான் அலுவலகத்திலிருந்து வந்ததும் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு சத்தமில்லாமல் நடந்துபோய், கதவோரம் உட்கார்ந்து கேட்கிறார். வரலாறு, விஞ்ஞானம் எல்லாம் ஆகி, இப்போது கணக்குப் புத்தகம் நடக்கிறது, அதையும் விடுவதில்லை. யாராவது விருந்தாளி வந்தால் மட்டும் அறையைத் திறந்து காட்டுவார். முதலில் வந்தவர்களிடம், தச்சர் போட்டது, நான் கூட இருந்தேன் என்றார். அடுத்த மாதம் வந்தவர்களிடம், நானும் தச்சரும் சேர்ந்து போட்டோம் என்றார். போன வாரம் ஒருவரிடம், இது நான் போட்டது, தச்சர் ஒருத்தர் கொஞ்சம் ஒத்தாசை பண்ணார் என்று சொல்வதை நானே கேட்டேன். இன்னும் சில மாதத்தில் தச்சர் இந்தக் கதையிலிருந்தே காணாமல் போய்விடுவார். அக்கா திருத்துவதில்லை. புன்னகையோடு விருந்தாளிகளைக் கதவோரமாக நிற்கச் சொல்கிறாள்.

இதெல்லாம் என் அத்தானைப் பற்றித்தான். உங்களை நான் ஒரு வார்த்தை சொல்லவில்லை. ஆனாலும், கோபித்துக்கொள்ள மாட்டீர்கள் என்றால் ஒன்று கேட்கிறேன். அந்தக் குமிழி நடுவில் நிற்கவில்லை என்று படித்தபோது, ஒரு ரப்பர் குழாயில் தண்ணீரை நிரப்பி மட்டம் பார்த்திருக்கலாமே என்று உங்களுக்குள் யாரோ முணுமுணுத்தார்களா? பலகையெல்லாம் இறங்கியபோது, பாவம் அந்த மனிதர் என்று தோன்றியதா, அல்லது இன்னும் அரை விரல் நீளமான திருகாணி போட்டிருந்தால் நின்றிருக்கும் என்று தோன்றியதா? பாவம் என்று தோன்றியிருந்தால் பிழைத்தீர்கள். திருகாணி என்று தோன்றியிருந்தால், படிப்பதைச் சற்று நிறுத்திவிட்டு, உங்கள் வீட்டுக்காரர்களின் முகத்தைப் பாருங்கள். படித்துக்கொண்டே நீங்கள் இரண்டு தரம் அண்ணாந்து பார்த்ததை அவர்கள் கவனித்துவிட்டார்கள். ஒருவர் ஏற்கெனவே ஏணியை ஒளித்துவைக்கப் போயிருக்கிறார்.